கோட்டைக்கு வெளியே இருந்தவர்கள்

பிச்சாவரத்து உப்பங்கழியில் படகேறிச் சென்றவர்களுக்கு யாழ்ப்பாணத்துக் கடனீரேரியைப் பற்றி மிகுதியாகச் சொல்ல வேண்டியதில்லை. ஆழமற்ற நீர், அடியிலே சேறு. அதன் கரையில் கட்டிய கோட்டைக்குப் போர்த்துக்கீசியர் புதுமைகளின் அன்னையின் பெயரைச் சூட்டினர். பீரங்கி மேடைக்குத் தாயின் பெயரை இடுவதில் அவர்களுக்குக் கூச்சம் தோன்றவில்லை போலும்!

1658இல் ஒல்லாந்தர் அதனை மூன்று மாதங்களுக்கு மேல் முற்றுகையிட்டனர். உள்ளே பசியாலும் நோயாலும் வாடியவர்களுள் நம் மறையினர் பலர். கோட்டை வீழ்ந்தபின் குருக்கள் வெளியேற்றப்பட்டனர். 1687இல் புனித யோசேப்பு வாஸ் ஏழைக் கோலத்தில் வந்து சேரும்வரை அம்மந்தை மேய்ப்பரின்றித் தவித்தது.

1990 ஜூன் மாதம் ஈழத்தில் மீண்டும் போர் மூண்டபோது, அதே கோட்டைக்குள் ஏறத்தாழ இருநூறு இலங்கைப் படையினரும் காவலரும் அகப்பட்டனர். விடுதலைப் புலிகள் சுற்றி வளைத்தனர். உள்ளே இருந்தவர்களும் தாய்மார் பெற்ற பிள்ளைகளே. அவர்களை மீட்க அரசு எண்ணியதில் குறை காண இயலாது. மீட்ட முறையே நெஞ்சை உறுத்துகிறது. கோட்டையைச் சூழ்ந்திருப்பது வெட்டவெளியன்று. கடைத்தெருவும் குடியிருப்புகளும் நிறைந்த நகரம். நடந்து செல்லும் தொலைவிலேயே பெரிய மருத்துவமனை. அந்நகரின்மேல் விமானங்கள் குண்டு வீசின. வெடிமருந்து திணித்த பீப்பாய்களையும் உருட்டிவிட்டனர். பீப்பாய் எங்கே விழும் என்பதை உருட்டியவனே அறியான். நோயாளிகளும் மருத்துவமனையை விட்டு அகல நேர்ந்தது. மக்கள் நடுவே அரண் அமைத்துப் போரிட்டவர்களையும் இப்பழியிலிருந்து முற்றாக விடுவிக்க முடியாது.

செப்டம்பர் 13இல் மண்டைதீவிலிருந்து புறப்பட்ட படகுகள் கடனீரேரியைக் கடந்து கோட்டையை எட்டின. 26ஆம் நாள் இரவோடு படையினர் அனைவரும் வெளியேறினர். படைத்துறையார் இதனை வெற்றிகரமான மீட்பு என்பர். உள்ளிருந்தோரின் எண்ணிக்கை நூல்களில் உண்டு. வெளியே மாண்டவர்களைப் பெயர் சொல்லி எண்ணியவர் யார்? நகரங்களை வேறுபாடின்றி அழிக்கும் போர்ச்செயல் கடவுளுக்கும் மனிதனுக்கும் எதிரான குற்றம் என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965இலேயே தீர்ப்பளித்தது. மீட்புக்காக வீசிய குண்டு என்றால் அத்தீர்ப்பு மாறிவிடுமா?

ஒல்லாந்தர் 1706இல் கோட்டைக்குள் எழுப்பிய சிலுவை வடிவத் தேவாலயமும் அப்போரில் இடிந்தது. நகரத்தவர் சிலர் வடமராட்சிக்கும் தென்மராட்சிக்கும் நடந்தனர். அப்போரினால் கடல் கடந்து மண்டபம் வந்தவர்களுள் ஒரு பகுதியினர் நம் கடலூர்ப் பக்கத்து முகாம்களில் குடியமர்த்தப்பட்டனர். அங்கே பிறந்த முதற்குழந்தைகள் இன்று முப்பது வயதைக் கடந்துவிட்டனர். அவர்களுள் பலருக்கு இன்னும் குடியுரிமை இல்லை.