கண்ணாடிமேல் வைத்த புள்ளிகள்

நுண்ணோக்கியில் வைத்துப் பார்க்கும் கண்ணாடி ஸ்லைடு ஒன்றின்மேல் ஆயிரக்கணக்கான புள்ளிகள், ஒன்றையொன்று தொடாமல், வரிசை பிசகாமல் வைக்கப்பட்டிருக்கும். எந்தப் புள்ளியில் எந்த மரபணுத் துண்டு, எந்தப் புரதம் என்பது வைத்தவருக்குத் தெரியும். நோயாளியிடமிருந்து எடுத்த மாதிரியில் நிறமேற்றி அதன்மேல் ஊற்றினால், ஜோடி உள்ளவை தத்தம் ஜோடியோடு ஒட்டிக்கொள்ளும். மற்றவை கழுவும்போது போய்விடும். பிறகு எந்தப் புள்ளி ஒளிர்கிறது என்று பார்த்தால் போதும். மைக்ரோஅரே என்பது இவ்வளவுதான். ஆனால் இந்த எளிய ஏற்பாடு மருத்துவத்துக்குள் வந்து சேர முப்பது ஆண்டுகள் பிடித்தன. வந்து சேர்ந்த இடமும் முதலில் கிளம்பிய நோக்கத்திலிருந்து வெகுவாக விலகியே இருந்தது.

மரபணுப் பக்கத்துக் கதை 1975-ல் எடின்பரோவில் தொடங்குகிறது. எட்வின் சதர்ன் என்ற உயிர்வேதியியலாளர், ஜெல்லில் நீளவாரியாகப் பிரித்த டி.என்.ஏ. துண்டுகளை ஒரு மெல்லிய தாளுக்கு மாற்ற வழி கண்டார். ஜெல்லின்மேல் நைட்ரோசெல்லுலோஸ் தாள், அதன்மேல் ஈரம் உறிஞ்சும் காகித அடுக்கு. அடியிலிருந்து உப்புக் கரைசலைக் காகிதம் இழுக்க, கூடவே டி.என்.ஏ.வும் ஏறித் தாளில் தங்கிவிடும். பிறகு கதிரியக்கம் ஏற்றிய ஒரு துண்டை ஊற்றினால் அது தன் ஜோடியைத் தேடிப் பிடிக்கும். முறைக்கு அவர் பெயரே நிலைத்தது. ‘சதர்ன்’ என்றால் தெற்கு என்பதால், பின்னால் வந்த ஆர்.என்.ஏ. முறைக்கு ‘நார்தர்ன்’ என்றும் புரத முறைக்கு ‘வெஸ்டர்ன்’ என்றும் ஆய்வாளர்கள் விளையாட்டாகப் பெயர் வைத்தார்கள்.

இதில் தாளில் இருப்பது அறியாத மாதிரி; ஊற்றுவது அறிந்த துண்டு. ஆகவே ஒரு தடவைக்கு ஒரு கேள்விதான் கேட்க முடியும். இடத்தை மாற்றினால், அதாவது அறிந்தவற்றைக் கண்ணாடியில் நிறுத்தி அறியாததை ஊற்றினால், ஒரே தடவையில் ஆயிரம் கேள்விகள் கேட்கலாம். 1980-களின் இறுதியில் சதர்னே ஆக்ஸ்ஃபோர்டில் இந்தத் திசையில் வேலை செய்து காப்புரிமைக்கும் விண்ணப்பித்தார்.

ஆன்டிபாடி எனப்படும் நோய் எதிர்ப்புப் புரதங்களின் பக்கத்தில் இந்த இடமாற்றம் அதற்கு முன்பே நடந்துவிட்டது. அவற்றைக் கொண்டு அளக்கும் எலிசா சோதனையை 1971-ல் ஸ்டாக்ஹோமில் எங்வாலும் பெர்ல்மனும் உருவாக்கியிருந்தார்கள். அதில் ஒரு குழிக்கு ஒரு கேள்வி. 1983-ல் ட்ஸே வென் சாங், சிறு கண்ணாடிச் சில்லின்மேல் வெவ்வேறு ஆன்டிபாடிகளைக் கட்டம் கட்டமாக வைத்து, எந்தக் கட்டத்தில் எந்த உயிரணு ஒட்டுகிறது என்று காட்டினார். லண்டனில் ரோஜர் எக்கின்ஸ் இதற்குக் கணக்கே போட்டார். புள்ளி சிறுத்தால் சோதனையின் கூர்மை குறையும் என்பதுதான் அன்றைய நம்பிக்கை. எக்கின்ஸ் அதைத் தலைகீழாகத் திருப்பினார். புள்ளியில் ஆன்டிபாடி மிகக் குறைவாக இருந்தால், அது பிடித்துக்கொள்ளும் அளவால் மாதிரியின் செறிவு மாறவே மாறாது. செறிவு மாறாததால் அளவீடு சுத்தமாக இருக்கும். ஆற்றில் ஒரு குடம் மொள்வதுபோல.

ஆனாலும் பணமும் பேரும் முதலில் மரபணுச் சிப்புக்கே போயின. 1991-ல் கலிஃபோர்னியாவின் அஃபிமாக்ஸ் நிறுவனத்தில் ஸ்டீபன் ஃபோடரும் அவரோடு இருந்தவர்களும், கணினிச் சில்லு செய்யும் கலையை உயிர்வேதியியலுக்குக் கொண்டுவந்தார்கள். துளையிட்ட கோல அச்சின் வழியே மாவு விழுவதுபோல், ஒரு மறைப்புத் தகட்டின் துளைகள் வழியே ஒளி கண்ணாடிமேல் விழும். ஒளி பட்ட இடத்தில் மட்டும் அடுத்த வேதி எழுத்து ஒட்டும். ஏ, சி, ஜி, டி என்று நான்கு எழுத்துக்கு நான்கு சுற்று; 25 எழுத்து நீளத்துக்கு அதிகம் போனால் நூறு சுற்று. அந்த நூறு சுற்றில் கண்ணாடி முழுவதும் லட்சக்கணக்கான வெவ்வேறு சொற்கள் எழுதி முடிந்துவிடும். இதிலிருந்து கிளைத்த அஃபிமெட்ரிக்ஸ் நிறுவனம்தான் ‘ஜீன்சிப்’ என்ற பெயரில் சிப்புகளை விற்றது. விலையோ, பெரிய ஆய்வகங்களையே யோசிக்க வைத்தது.

ஸ்டான்ஃபோர்டில் பேட்ரிக் பிரவுனின் ஆய்வகம் இதற்கு நேர்மாறான வழியில் போனது. பேனா முள்போல் நடுவில் பிளவுபட்ட உலோக ஊசிகளை ஒரு ரோபாட் கையில் பூட்டினார்கள். ஊசி டி.என்.ஏ. கரைசலில் தோயும், பிளவில் துளி ஏறும், கண்ணாடியைத் தொட்டுத் தொட்டுப் புள்ளி வைக்கும், கழுவிக்கொண்டு அடுத்த கரைசலுக்குப் போகும். 1995-ல் மார்க் ஷீனா முதலானோர் அராபிடாப்சிஸ் என்ற கடுகுக் குடும்பச் செடியின் 45 மரபணுக்களை இப்படி வைத்து, எது எவ்வளவு இயங்குகிறது என்று அளந்தார்கள். இரண்டே ஆண்டில் ஜோசப் டிரிசி, விஸ்வநாத் ஐயர், பிரவுன் மூவரும் ஈஸ்டின் ஏறக்குறைய எல்லா மரபணுக்களையும் ஒரே கண்ணாடியில் ஏற்றினார்கள். அந்த ரோபாட்டைக் கட்டும் விதத்தையும் ஆய்வகம் இணையத்தில் இலவசமாகப் போட்டுவிட்டது. மைக்ரோஅரே உலகெங்கும் பரவியதற்கு எந்தக் கம்பெனியையும்விட அந்தச் செய்முறைக் குறிப்பே பெரிய காரணம் எனலாம்.

மருத்துவத்தில் முதல் ஆசை புற்றுநோய்மேல் விழுந்தது. 1999-ல் டாட் கோலப், எரிக் லேண்டர் குழுவினர் 38 ரத்தப்புற்று நோயாளிகளின் எலும்புமஜ்ஜையைச் சிப்பில் படித்து, 50 மரபணுக்களின் நடத்தையை மட்டும் வைத்து இருவகை லுக்கீமியாக்களைப் பிரித்துக் காட்டினார்கள். 2002-ல் ஆம்ஸ்டர்டாமில் லாரா வான்ட் வீர் முதலானோர், மார்பகப் புற்று பரவுமா என்று கணிக்க 70 மரபணுக்களைத் தேர்ந்தார்கள். ‘மம்மாபிரிண்ட்’ என்ற அந்தச் சோதனைக்கு 2007-ல் அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் அனுமதி தந்தது. பெரிய அளவில் அதைச் சோதித்த முடிவு 2016-ல்தான் வந்தது. வழக்கமான கணிப்பில் அபாயம் அதிகம், சிப்பின் கணிப்பில் குறைவு என்று வந்த பெண்களில் கீமோ எடுக்காதவர்களை ஐந்தாண்டு கவனித்ததில், 94.7 சதவீதம் பேர் உயிரோடும் புற்று வேறு உறுப்புக்குப் பரவாமலும் இருந்தார்கள். 70 மரபணுக்களைக் கண்டதற்கும் இந்தப் பதிலுக்கும் இடையே 14 ஆண்டுகள்.

இடைப்பட்ட காலம் சங்கடமானது. சிப்பைச் செய்யத் தெரிந்த அளவுக்கு அதைப் படிக்கத் தெரியவில்லை. வெயில் காலத்தில் சில ஆய்வகங்களில் சிவப்புப் புள்ளிகள் மட்டும் மங்கின. காற்றில் கூடிய ஓசோன், சை5 என்ற சிவப்புச் சாயத்தைத் தின்றுகொண்டிருந்ததை 2003-ல் கண்டுபிடித்தார்கள்; பச்சையான சை3-க்கு ஒன்றும் ஆகவில்லை. அடுத்த ஆண்டு வேறொன்று தெரிந்தது. முடிவுகளை எக்செல்லில் திறந்தால், ‘செப்ட்2’ என்ற மரபணுவை அது செப்டம்பர் 2 என்று தேதியாக்கிவிடுகிறது. (பழக்கத்தை எக்செல் விடவில்லை, கடைசியில் 2020-ல் மரபணுவின் பெயரைத்தான் மாற்றினார்கள்.) இவையெல்லாம் சிரித்துக் கடக்கக்கூடியவை. டியூக் பல்கலைக்கழக விவகாரம் அப்படியல்ல. எந்த நோயாளிக்கு எந்த மருந்து கேட்கும் என்று சிப்பால் சொல்ல முடியும் என அங்கிருந்து வந்த கட்டுரைகளை, டெக்ஸாஸைச் சேர்ந்த பேக்கர்லி, கூம்ஸ் என்ற இரு புள்ளியியலாளர்கள் வரிவரியாகச் சரிபார்த்தார்கள். மரபணுப் பட்டியல் ஒரு வரி நழுவியிருந்தது. ஒவ்வொரு எண்ணும் பக்கத்து மரபணுவின் பெயரில் நின்றது. அதற்குள் அந்தக் கணிப்பை நம்பி நோயாளிகளிடம் பரிசோதனைகள் தொடங்கிவிட்டிருந்தன. 2010-ல் அவை நிறுத்தப்பட்டன, கட்டுரைகள் திரும்பப் பெறப்பட்டன.

சத்தமில்லாமல் வேலைக்கு வந்தவை வேறு சிப்புகள். 2004 டிசம்பரில் ரோஷ் நிறுவனத்தின் ஆம்ப்ளிசிப்புக்கு அமெரிக்க அனுமதி கிடைத்தது. மருந்துகளைச் சிதைக்கும் இரண்டு கல்லீரல் நொதிகளின் மரபணுக்களை மட்டும் அது பார்க்கும். கோடீன் மாத்திரை ஒருவருக்குப் பலிக்காமல் போவதும் இன்னொருவருக்கு அளவுக்கு மீறிப் போவதும் அவற்றில் ஒன்றின் வேறுபாட்டால்தான். அதைவிடப் பெரிய வேலை குரோமோசோம் சிப்புக்குக் கிடைத்தது. நோயாளியின் டி.என்.ஏ.வுக்கு ஒரு நிறம், ஒப்பீட்டு டி.என்.ஏ.வுக்கு இன்னொரு நிறம் ஏற்றி இரண்டையும் கலந்து ஊற்றினால், எந்த இடத்தில் துண்டு குறைகிறது, எங்கே கூடுகிறது என்று நிறத்தின் சாய்வே சொல்லிவிடும். நுண்ணோக்கியில் குரோமோசோம் பார்க்கும் பழைய முறைக்குச் சில லட்சம் எழுத்து காணாமற்போனாலும் தெரியாது. வளர்ச்சி தாமதம், ஆட்டிசம், பிறவிக் குறைகள் உள்ள குழந்தைகளில் பழைய முறை 3 சதவீதம் பேருக்கே காரணம் காட்டியது. சிப் 15 முதல் 20 சதவீதம் பேருக்குக் காட்டியது. இதை வைத்து, முதல் சோதனையே சிப்பாக இருக்க வேண்டும் என்று 2010-ல் நிபுணர் குழு ஒன்று பரிந்துரைத்தது.

ஒற்றை எழுத்து வேறுபாடுகளைப் படிக்கும் சிப்புகள் கேட்காததையும் சொல்லும். அப்பா வழியிலும் அம்மா வழியிலும் ஒரே மூதாதையின் துண்டு வந்திருந்தால், அந்த நீளம் முழுவதும் இரு பிரதியும் அச்சாக ஒத்திருக்கும். மாமன் மகளையோ அத்தை மகளையோ மணந்தவர்களின் பிள்ளைக்குச் சராசரியாக 6.25 சதவீதம், அக்காள் மகளை மணந்தவர்களின் பிள்ளைக்கு 12.5 சதவீதம் மரபுப்பொருள் இப்படி அமையும். தென்னிந்தியக் குடும்பங்களில் இது ரகசியம் அல்ல. மறைந்து வரும் நோய் எந்தப் பகுதியில் ஒளிந்திருக்கும் என்று தேட மருத்துவருக்கு வழிகாட்டியும்கூட. ஆனால் இந்த அளவு 25 சதவீதத்தை நெருங்கினால், மிக நெருங்கிய ரத்த உறவில் நடந்த கொடுமை ஒன்றை அறிக்கை காட்டிக்கொடுக்கிறது என்று பொருள். அதை யாரிடம் எப்படிச் சொல்வது என்பதைச் சிப் செய்தவர்கள் யோசித்திருக்கவில்லை.

ஆன்டிபாடிச் சிப் பின்தங்கியதற்குப் புரதத்தின் குணமே காரணம். டி.என்.ஏ. காய்ந்தாலும் கெடாது, புரதம் கண்ணாடியில் ஒட்டும்போதே உருக்குலைந்துவிடக்கூடும். 2000-ல் ஹார்வர்டில் மெக்பீத்தும் ஷ்ரைபரும் ஈரம் காக்கும் கரைசலில் புரதங்களை வைத்து, 10,800 புள்ளிகளை ஒரே ஸ்லைடில் நிறுத்தினார்கள். தன் உடலையே தாக்கும் ஆன்டிபாடிகளைத் தேடும் சிப்பை 2002-ல் ஸ்டான்ஃபோர்டு செய்தது. 2005-ல் மிச்சிகனில் அருள் சின்னையன் குழுவினர், புராஸ்டேட் புற்றுக்கு எதிராக உடல் உண்டாக்கும் ஆன்டிபாடிகளை 22 புரதத் துண்டுகளில் பிடித்தார்கள்.

அன்றாட மருத்துவத்தில் நிலைத்தது ஒவ்வாமைச் சிப். வியன்னாவில் ருடால்ஃப் வாலன்டா முதலானோர் 2002-ல் வெளியிட்ட யோசனையிலிருந்து வந்த ஐசாக் சிப், 30 மைக்ரோலிட்டர் சீரத்தில், அதாவது ஒரு துளியில், 112 ஒவ்வாமைப் புரதங்களுக்கான ஐ.ஜி.இ. ஆன்டிபாடிகளைத் தேடும். பழைய சோதனை நிலக்கடலை ஆகாது என்று மட்டும் சொல்லும். சிப் கடலையைப் புரதம் புரதமாகப் பிரிக்கும். ‘அரா எச் 2’ ஒளிர்ந்தால் மூச்சு முட்டும் அளவுக்குப் போகலாம். ‘அரா எச் 8’ மட்டும் ஒளிர்ந்தால் பெரும்பாலும் பர்ச் மர மகரந்தத்தின் சாயல், வாய் அரிப்போடு நிற்கும். சிறுநீரக மாற்றுக்கு முன் செய்யும் ஆன்டிபாடிச் சோதனையோ கண்ணாடியை விட்டே இறங்கிவிட்டது. புள்ளிக்குப் பதில் நிறம் நிறமான நுண்மணிகள். ஒவ்வொரு நிற மணியிலும் ஒரு திசுப் புரதம்.

மரபணுச் சிப் தொற்றுநோயிலும் கைகொடுத்தது. 2003 மார்ச்சில் சார்ஸ் என்ற நுரையீரல் நோய் பரவியபோது, சான் ஃபிரான்சிஸ்கோவில், ஈஸ்ட் சிப் செய்த அதே டிரிசியின் ஆய்வகம் பல நூறு வைரஸ்களின் துண்டுகள் வைத்த சிப்பில் அந்நோயின் மாதிரியை ஊற்றி, ஒரே நாளில் அது புதிய கொரோனா வைரஸ் என்று கண்டது. ஒளிர்ந்த புள்ளியை நுண்ணூசியால் சுரண்டி எடுத்து, அதில் ஒட்டியிருந்த வைரஸ் துண்டின் எழுத்துகளையும் படித்தார்கள்.

2008-க்குப் பிறகு மரபணுவை நேராகவே எழுத்தெழுத்தாகப் படிக்கும் இயந்திரங்கள் மலிந்தன. மரபணு இயக்கத்தை அளக்கும் வேலை பெரும்பாலும் அவற்றிடம் போயிற்று. 2016-ல் அஃபிமெட்ரிக்ஸை தெர்மோ ஃபிஷர் சுமார் 130 கோடி டாலருக்கு வாங்கியது. குரோமோசோம் சிப் மரபியல் ஆய்வகங்களில் தொடர்கிறது, அதன் பக்கத்திலேயே பழைய நுண்ணோக்கியும். இரண்டு குரோமோசோம்கள் தமக்குள் துண்டுகளை மாற்றிக்கொண்டால் மொத்த அளவு கூடுவதும் இல்லை, குறைவதும் இல்லை. நிறத்தின் சாய்வை மட்டும் பார்க்கும் சிப்புக்கு அது புலப்படாது. ஆகவே திரும்பத் திரும்பக் கருக்கலையும் தம்பதியரின் ரத்தம் வந்தால், இன்றும் குரோமோசோம்களைச் சாயமேற்றி, பட்டை பட்டையாகக் கண்ணால்தான் பார்க்கிறார்கள்.