ஹீராலாலின் கடைசி இருப்பு

எங்கள் வாடிப்பட்டியில் கல்யாண வீடியோ எடுக்கும் அண்ணன் ஒருவர் இருக்கிறார். முகூர்த்தம் இல்லாத மாதங்களில் குறும்படம் எடுப்பார். ஊர் மேளக்காரர்களை வைத்து பன்னிரண்டு நிமிடத்துக்கு ஒரு படம் எடுத்து முடித்தார். ஒரு நாள் ஹார்ட் டிஸ்க் உயிரை விட்டது. வேறு நகல் கிடையாது. "படம் எடுத்தேன்னு இனிமே சொன்னா எவன்டா நம்புவான்?" என்று டீக்கடையில் கேட்டார். என்னிடம் பதில் இல்லை. ஆனால் இதே நிலைக்கு நூறு வருடத்துக்கு முன்பே வந்த ஒருவரின் ஞாபகம் வந்தது.

அவர் பெயர் ஹீராலால் சென். இன்றைய வங்கதேசத்தில் இருக்கும் மாணிக்கஞ்சு பக்கத்துக்காரர். வசதியான குடும்பம், போட்டோ எடுப்பதில் பைத்தியம். 1898-ல் கல்கத்தா ஸ்டார் தியேட்டரில் ஸ்டீவன்சன் என்ற வெள்ளைக்காரர் பயாஸ்கோப் காட்டினார். அதைப் பார்த்த ஹீராலால் அவருடைய கேமராவையே வாங்கி, அங்கே நடந்த 'பாரசீக மலர்' என்ற மேடை நிகழ்ச்சியின் காட்சிகளைப் படம் பிடித்தார். பிறகு லண்டன் வார்விக் கம்பெனியிலிருந்து சொந்தமாகக் கருவி தருவித்து, தம்பி மோதிலாலோடு சேர்ந்து ராயல் பயாஸ்கோப் கம்பெனியை ஆரம்பித்தார்.

அந்தக் காலத்தில் எல்லாப் படமுமே குறும்படம்தான்! சில நிமிடங்களில் முடிந்துவிடும். கிளாசிக் தியேட்டரில் நாடக இடைவேளைகளில் காட்டுவார்கள். ஜமீன்தார் வீட்டு விசேஷங்களுக்கும் போய்க் காட்டுவார்கள். (எங்கள் அண்ணன் பிழைப்பும் கிட்டத்தட்ட இதேதான்.) கரண்ட் இல்லாத இடங்களில் சுண்ணாம்புக் கட்டியை வாயுச் சுடரில் பழுக்கக் காய்ச்சி, அந்த வெளிச்சத்தில் படம் ஓட்ட வேண்டும். வாயுவை அடைத்து வைத்த ரப்பர் பை ஒருமுறை கிழிந்து தொழிலே நின்றுபோக, செயின்ட் சேவியர் கல்லூரியின் பாதிரியார் லாஃபோன்தான் உதவினாராம்.

ஜபாகுசும் தலைத் தைலத்துக்கு விளம்பரப் படம் எடுத்தவரும் இவரே. 1905 செப்டம்பர் 22 அன்று வங்கப் பிரிவினையை எதிர்த்து கல்கத்தா டவுன் ஹாலில் பெருங்கூட்டம் கூடியது. அதையும் ஹீராலால் படமாக்கினார். இந்தியாவின் முதல் அரசியல் படம் என்று பலர் அதைத்தான் சொல்கிறார்கள். 'அலிபாபா' நாடகத்தை 1903-லேயே முழு நீளத்துக்கு எடுத்துவிட்டார் என்று வங்காளத்தில் வாதாடுகிறவர்கள் உண்டு. அது மட்டும் நிரூபணமானால், 1913 மே 3-ல் வெளியான பால்கேயின் 'ராஜா ஹரிச்சந்திரா'வுக்குப் பத்து வருடம் முந்தியதாகிவிடும். நிரூபிக்கத்தான் படம் இல்லை.

நான் பி.காம் படிப்பதால் புத்தி கணக்குப் பக்கமே போகிறது. 1902-ல் கல்கத்தா மைதானத்தில் கூடாரம் போட்டு பயாஸ்கோப் காட்ட ஆரம்பித்த ஜே.எஃப். மதன், 1907-ல் எல்ஃபின்ஸ்டன் என்ற நிரந்தரத் தியேட்டரையே கட்டிவிட்டார். நம் பக்கத்தில் சாமிக்கண்ணு வின்சென்ட்டும் அப்படித்தான். திருச்சியில் ரயில்வே உத்தியோகத்தில் இருந்தவர், 1905-ல் டூபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜக்டரையும் படங்களையும் 2,250 ரூபாய்க்கு வாங்கி ஊர் ஊராகக் கூடாரம் போட்டார். 1914-ல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் கட்டினார். இரண்டு பேருமே முதலில் பிறர் எடுத்த படத்தை ஓட்டிக் காசு பார்த்தவர்கள். கொட்டகை சொந்தம், டிக்கெட் காசு அன்றைக்கே கைக்கு வந்துவிடும். ஹீராலாலோ பணத்தைப் படம் எடுப்பதில் போட்டார். அதைக் காட்டும் இடமெல்லாம் அடுத்தவருடையது. வியாபார புத்தி போதவில்லை என்று சுலபமாகச் சொல்லிவிடலாம். ஆனால் எல்லோரும் கொட்டகை மட்டுமே கட்டியிருந்தால் டவுன் ஹால் கூட்டத்தை யார் எடுத்திருப்பார்கள்?

ஐந்தாம் ஜார்ஜின் டெல்லி தர்பாரையும் அவர் கல்கத்தா வந்ததையும் காட்டும் படம்தான் கடைசிப் படங்களில் ஒன்று. அதற்குள் கடன், அண்ணன் தம்பி பிரிவினை. கேமராக்கள்கூடக் கைவிட்டுப் போயின. 1913-ல் கம்பெனி மூடப்பட்டது. பால்கேயை நாடு கொண்டாடத் தொடங்கிய அதே வருடம்!

அப்புறம் புற்றுநோய். 1917 அக்டோபரில், ஹீராலால் இறப்பதற்குச் சில நாள் முன்பு, பிலிம் சுருள்கள் வைத்திருந்த கிடங்கில் தீப்பிடித்தது. அன்றைய பிலிம் நைட்ரேட்டால் ஆனது, வெடிமருந்துக்குப் பங்காளி. பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள் அமுக்கினாலும் எரியும். நாற்பதுக்கும் மேற்பட்ட படங்கள், ஒன்றுகூட மிஞ்சவில்லை. அவருக்கு அப்போது வயது ஐம்பதை ஒட்டித்தான்.

பால்கேயின் படத்திலும் ஒரு பகுதிதான் மிஞ்சியிருக்கிறது. ஆனால் அந்தப் பகுதியைப் போட்டுக் காட்ட முடிகிறது, யாரும் சாட்சி கேட்பதில்லை. ஹீராலாலுக்குச் சாட்சி சொல்பவை பழைய பேப்பர்களில் வந்த காட்சி விளம்பரங்கள்தான். எந்த தேதியில், எந்தத் தியேட்டரில், எந்தப் படம் என்று அவற்றை வைத்துத்தான் பட்டியலே போட்டிருக்கிறார்கள். 2021-ல் 'ஹீராலால்' என்று வங்காளத்தில் அவர் கதையைப் படமாக எடுத்தார்கள். அவர் எடுத்ததாக வரும் காட்சிகளைப் புதிதாகத்தான் எடுத்தாக வேண்டியிருந்திருக்கும்.

இதையெல்லாம் அண்ணனிடம் சொன்னேன். ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு, படத்துக்கு ஊரில் ஒட்டிய போஸ்டர் ஒன்று சலூன் கதவில் இன்னும் இருக்கிறது, கிழிக்காமல் எடுத்துத் தர முடியுமா என்று கேட்டார்.