ஒருமாறி நேரியல் சமன்பாடு

ஒரே மாறி, முதற்படியில் மட்டும் இடம்பெறும் சமன்பாடு. இரு பக்கங்களையும் சமமாக்கும் மாறியின் மதிப்பே அதன் தீர்வு. ஒரே எண்ணை இருபுறமும் கூட்டினாலும் கழித்தாலும், பூச்சியமல்லாத எண்ணால் பெருக்கினாலும் வகுத்தாலும் தீர்வு மாறாது.

எடுத்துக்காட்டு: 5க − 8 = 2க + 7.
இருபுறமும் 2க கழிக்க, 3க − 8 = 7.
8 கூட்ட, 3க = 15.
3ஆல் வகுக்க, க = 5.
சரிபார்த்தல்: க = 5 எனப் பிரதியிட, இருபுறமும் 17.

பக்கம் மாறும் உறுப்பின் குறி மாறுவதற்குக் காரணம் இருபுறமும் கூட்டும், கழிக்கும் இச்செயல்களே. இதை உணர்ந்த மாணவர் விதியை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. ஆனால், க + 1 = க + 2 போன்ற சமன்பாடுகளுக்குத் தீர்வே கிடையாது.

9ஆம் நூற்றாண்டில் பாக்தாதில் அல்-குவாரிஸ்மி சமன்பாடுகளைத் தீர்க்கும் முறைகளை ஒழுங்குபடுத்தி எழுதினார். சமக்குறியை 1557இல் ராபர்ட் ரெக்கார்டு தம் நூலில் அறிமுகப்படுத்தினார்.