உலகம் சுற்றிப் படம் சேர்த்த கோட்டையூர்க்காரர்

செட்டிநாடு என்றதும் நம் நினைவுக்கு வருவது பெரிய பெரிய வீடுகள், ஆத்தங்குடிக் கல், கோழிக்குழம்பு. ஆனால் காந்தியடிகளைப் பற்றி முதல் முழுநீள ஆவணப்படம் எடுத்தவர் காரைக்குடியை அடுத்த கோட்டையூரில் பிறந்தவர் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? அவர்தான் ஏ.கே. செட்டியார்.

1911-ல் பிறந்தவர். மற்ற நகரத்தார் பர்மாவுக்கு வட்டித்தொழில் செய்யப் போன காலத்தில், இவர் ரங்கூனில் 'தனவணிகன்' பத்திரிகையின் ஆசிரியராக இருந்தார். பிறகு டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தார். 1937 அக்டோபர் 2-ம் தேதி, அமெரிக்காவிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் போகும்போது அவருக்கு அந்த யோசனை வந்தது. அன்று காந்தி பிறந்த நாள்! அப்போது அவருக்கு வயது 26 கூட நிறையவில்லை.

இதில் ஒரு சிக்கல் உண்டு. காந்தியின் பழைய நாட்களை 1937-ல் போய்ப் படம் பிடிக்க முடியாது. ஏற்கனவே யாராவது எடுத்திருந்தால்தான் உண்டு. அதனால் செட்டியார் காமிராவைத் தூக்கியதை விட, மற்றவர்கள் எடுத்ததைத் தேடி அலைந்ததே அதிகம். ஐரோப்பா, அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா என்று ஏறக்குறைய 1 லட்சம் மைல் பயணம். 30 ஆண்டுகளில் 100 காமிராக்காரர்கள் எடுத்த 50,000 அடி பிலிம் சேர்ந்தது. 35 எம்.எம். பிலிம் ஒலிப்பட வேகத்தில் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். கணக்குப் போட்டுப் பாருங்கள், 9 மணி நேரத்துக்கு மேல் வருகிறது!

அதிலிருந்து தொகுத்த படம் 1940-ல் தமிழ் விளக்கத்தோடு சென்னையில் வெளியானது. பின்னர் தெலுங்கிலும் வந்தது. 1947-ல் இந்தி வடிவமும், 1953-ல் அமெரிக்காவில் ஆங்கில வடிவமும் வந்தன. படம் முடிந்ததும் அவர் சினிமாவில் பணம் பண்ணப் போகவில்லை. 1943 முதல் 1983-ல் இறக்கும் வரை 'குமரி மலர்' பத்திரிகையை நடத்தினார். பழைய பத்திரிகைகளில் புதைந்து கிடந்த நல்ல கட்டுரைகளைத் தேடி எடுத்து அதில் மறுபடி அச்சிட்டார். அங்கேயும் அதே சேகரிக்கும் வேலைதான்.

இனி வருவதுதான் வேதனை. உலகெங்கும் சிதறிக் கிடந்ததையெல்லாம் ஒன்று சேர்த்தவரின் தமிழ்ப் படத்தையே நாம் காப்பாற்றவில்லை. பேராசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி பல காலம் தேடி, கடைசியில் ஆங்கிலப் பிரதியைத்தான் கண்டுபிடித்தார். அதுவும் அமெரிக்காவில், சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில்!

அதே கோட்டையூரில்தான் ரோஜா முத்தையா செட்டியாரும் தமிழ்ப் புத்தகங்களைச் சேர்த்து வைத்தார். 1992-ல் அவர் மறைந்த பின் சிகாகோ பல்கலைக்கழகம் அந்தச் சேகரிப்பை வாங்கியது. சென்னையில் அது ஆராய்ச்சி நூலகமாக இன்று பயன்படுகிறது. ஒரே ஊர், இரண்டு சேகரிப்பாளர்கள். ஒருவர் சேர்த்ததைக் காக்க ஆள் வந்தது. இன்னொருவர் படத்துக்கு வரவில்லை.

காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவில் பழம்பொருள் கடைகள் வரிசையாக இருக்கின்றன. பழைய வீடுகளின் தூணும் கதவும் அங்கே விலைக்கு வரும். கதவுக்கு விலை கிடைப்பதால் அது பிழைத்துக்கொள்கிறது. பிலிம் சுருளுக்கும் கடிதக் கட்டுக்கும் அப்படி யாரும் விலை வைப்பதில்லை. உங்கள் அப்பத்தா வீட்டுப் பரணில் பழைய தகரப் பெட்டி ஏதும் இருந்தால், எடைக்குப் போடும் முன் தயவுசெய்து ஒரு தடவை திறந்து பாருங்கள்.