மாண்தேசத்துப் பெண்ணும் நெட்டோட்டமும்

அம்பர்நாத் நிலையத்தில் மின்சார ரயிலேறி, மும்பை சத்திரபதி சிவாஜி நிலையத்தில் இறங்கும் அன்பர்கள் நாள்தோறும் ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவைக் கடக்கின்றனர். அதே பாதையை மும்பை முனையிலிருந்து அளந்துகொண்டு வந்தால், தாணாவைத் தாண்டி, மும்பிராவையும் தாண்டி, திவா நிலையத்தை அண்டும் தொலைவே ஒரு மராத்தான் ஓட்டத்தின் நீளமாகும். கணக்காகச் சொன்னால் 42 கிலோமீட்டர் 195 மீட்டர். வண்டியில் நின்றபடி வருவதற்கே அலுப்புத் தட்டும் அத்தொலைவை இரண்டு மணி நாற்பது நிமிடத்துக்குள் ஓடி முடித்த பெண்கள் நம் நாட்டில் இருக்கிறார்கள். அதனையே பிழைப்பாகக் கொண்டு வாழ்ந்தவர்களும் இருக்கிறார்கள். அவர்களுள் ஒருவரைப் பற்றியே இன்று பேச எண்ணுகிறேன்.

அதற்கு முன் பழைய கதை சிறிது சொல்லவேண்டும். நெடுந்தொலைவு ஓட்டம் பெண்ணின் உடலுக்கு ஒவ்வாது என்னும் கொள்கை உலகெங்கும் நெடுநாள் வேரூன்றியிருந்தது. 1896ஆம் ஆண்டு ஆதென்ஸ் மாநகரில் முதல் ஒலிம்பிக் பந்தயம் நடந்தபோது, ஸ்டமாட்டா ரெவிதி என்னும் ஏழைத்தாய் மராத்தானில் ஓட இடம் கேட்டாள், கிடைக்கவில்லை. மறுநாள் அவள் தனியாளாக அதே வழியில் ஓடிக் காட்டினாள். ஆயினும் பந்தய அரங்கினுள் நுழைய அவளை விடவில்லை. 1928இல் ஆம்ஸ்டர்டாமில் முதன்முதலாகப் பெண்களுக்கு 800 மீட்டர் ஓட்டம் வைத்தார்கள். ஜெர்மனியின் லீனா ராட்கே 2 நிமிடம் 16.8 வினாடியில் வென்றார். ஓடியவர்கள் கொத்தாய் மயங்கி வீழ்ந்தனர் என்று பத்திரிகைகள் எழுதின. அன்று எடுத்த திரைப்படத்தைப் பார்த்தால் அப்படியொன்றும் காணோம். ஆயினும் அப்பந்தயத்தை எடுத்துவிட்டார்கள். மறுபடியும் 1960இல், ரோமாபுரியில்தான் அது திரும்பி வந்தது. ஒரு பொய்ச் செய்தியின் ஆயுள் முப்பத்திரண்டு ஆண்டு! பெண்களுக்கு ஒலிம்பிக் மராத்தான் கிடைத்தது 1984இல்; தடைகளைத் தாண்டி ஓடும் 3000 மீட்டர் ஸ்டீப்பிள்சேஸ் கிடைத்ததோ 2008இல்.

நம் நாட்டுப் பெண்டிர் முதன்முதலாக ஒலிம்பிக்கில் ஓடியது 1952இல், ஹெல்சிங்கியில். அவ்விருவருள் ஒருவர் நீலிமா கோஷ். மற்றவர் பம்பாயைச் சேர்ந்த மேரி டி சௌஸா. இருவரும் குறுந்தொலைவு ஓட்டக்காரர்கள். நெட்டோட்டத்தில் நம்மவர் பெயர் கேட்கத் தொடங்கியது பின்னர்தான். 1978இல் பாங்காக்கில் கீதா ஜுட்ஷி 800 மீட்டரில் ஆசியத் தங்கம் வென்றார்.

இனி நம் கதாநாயகியிடம் வருவோம். சாதாரா மாவட்டத்தில் மாண் என்றொரு வட்டம் உண்டு. மழை மறைவுப் பிரதேசம். மகாராஷ்டிரத்தில் பஞ்சம் என்றாலே அடிபடும் பெயர்களுள் ஒன்று. அவ்வட்டத்திலுள்ள மோஹி என்னும் சிற்றூரில், உழவர் குடும்பத்தில், 1989ஆம் ஆண்டு ஜூன் 2ஆம் நாள் பிறந்தவர் லலிதா பாபர். பள்ளிப்பருவத்திலேயே நெடுந்தொலைவு ஓடத் தொடங்கினார். ஓட்டத்துக்கு மட்டையும் வேண்டாம், வலையும் வேண்டாம். வறண்ட நிலத்துப் பிள்ளைகள் அதனை நாடுவதில் வியப்பென்ன? பின்னாளில் ரயில்வேயில் அவருக்கு வேலை கிடைத்தது. இதனைச் சிறிய செய்தியாக எண்ணிவிடலாகாது. நம் நாட்டில் ஓட்டத்தைத் தொழிலாகக் கொள்வதென்றால், பெரும்பாலும் ரயில்வேயிலோ, போலீசிலோ, படையிலோ ஓர் உத்தியோகம் பெற்று, அச்சம்பளத்தின் பலத்தில் ஓடுவது என்றே பொருள். பரிசுப் பணம் வரும், போகும். மாதச் சம்பளமே அடுப்பை எரியவைக்கிறது.

மும்பை மராத்தான் 2004இல் தொடங்கியது. சனவரி மாதத்து ஞாயிறு விடியலில் தென்மும்பையில் புறப்பட்டு, கடலோரமாக வடக்கே பாந்திராப் பக்கம் போய், மாஹிம் வழியாகத் திரும்பும் ஓட்டம். தாராவி அன்பர்கள் தம் வாசலுக்கருகே அதனைக் கண்டிருப்பார்கள். முதலிடங்களை ஆப்பிரிக்க வீராங்கனைகள் கொண்டுபோவதே வழக்கம். ஆனால் இந்தியப் பெண்களுக்கென்று தனிப் பரிசு வரிசை உண்டு. அதில் 2012, 2013, 2014 என மூன்றாண்டுகள் தொடர்ந்து முதலாவதாக வந்தவர் லலிதா. திரும்பும் வழியில், கால்கள் ஓய்ந்துபோன நேரத்தில், பெடர் சாலையின் ஏற்றம் குறுக்கிடும். ஓடியவர்களைக் கேட்டால் அந்த ஏற்றத்தைத்தான் முதலில் சொல்வார்கள்.

மூன்று முறை வென்றபின் ஒருவர் அதே பாதையில் நிலைத்திருப்பதே இயல்பு. லலிதாவோ 2014இல் ஸ்டீப்பிள்சேஸுக்கு மாறினார். என் மதிப்பில் அவர் வாழ்க்கையின் துணிகரமான முடிவு அதுவே. மராத்தானில் ஆண்டுக்கு ஒன்றிரண்டு பந்தயங்கள், பரிசு உறுதி. ஆசியப் பதக்கமோ எட்டாக்கனி. ஸ்டீப்பிள்சேஸ் அப்படியன்று. ஏழரைச் சுற்று, 28 தடைகள், அவற்றோடு ஏழு முறை நீர்க்குழி தாண்டல். வழக்கமான தடையோட்டத்தில் கால் பட்டால் தடை சாயும். இதில் அது மரம்போல் நிற்கும். கால் பட்டால் சாய்வது ஓடுபவர்தான். ஈரக் காலோடு எஞ்சிய சுற்றுகளை ஓடவேண்டும். மராத்தான்காரருக்குரிய மூச்சும், தாண்டுவோருக்குரிய லாகவமும் ஒருசேர வேண்டும். சுதா சிங் 2010இல் குவாங்சோவில் ஆசியத் தங்கம் வென்று இவ்வழியைத் திறந்துவைத்திருந்தார்.

பெலாரஸ் நாட்டு நிக்கோலாய் ஸ்னெசரேவ் பயிற்சி அளித்தார். கண்டிப்புக்குப் பெயர்போனவர், 2021இல் பட்டியாலாவில் காலமானார். பயிற்சியின் ஒரு பகுதி நம் உதகமண்டலத்தில் நடந்தது. கடல்மட்டத்துக்கு மேல் 2,200 மீட்டருக்கும் அதிக உயரத்தில் காற்று மெலிந்திருக்கும். அங்கே சில வாரம் தங்கி ஓடினால் இரத்தத்தில் சிவப்பணுக்கள் பெருகும். சமவெளிக்கு இறங்கியபின் அது கைகொடுக்கும்.

பலன் விரைவிலேயே தெரிந்தது. 2014 இஞ்சியோன் ஆசிய விளையாட்டில் 9 நிமிடம் 35.37 வினாடியில் வெண்கலம். தேசியச் சாதனையும் அதுவே. 2015 சனவரியில் மும்பை மராத்தானிலும் ஓடி, ஓ. பி. ஜெய்ஷாவுக்கு அடுத்தபடியாக 2 மணி 38 நிமிடம் 21 வினாடியில் வந்தார். அவ்வாண்டே ஊஹான் நகரில் ஆசியச் சாம்பியன் பட்டம். பெய்ஜிங் உலகப் போட்டியின் இறுதியோட்டத்தில் எட்டாம் இடம். 2016 ஆகஸ்டில் ரியோ ஒலிம்பிக். தகுதிச் சுற்றில் 9 நிமிடம் 19.76 வினாடி ஓடித் தேசியச் சாதனையை முறியடித்தார். 1984இல் பி. டி. உஷா நூறில் ஒரு பங்கு வினாடியில் வெண்கலத்தை இழந்தபின், ஒலிம்பிக் தடகள ஓடுபாதையில் தனிநபர் இறுதிப் போட்டியை எட்டிய முதல் இந்தியப் பெண் இவரே. ஆகஸ்டு 15ஆம் நாள் நடந்த இறுதியோட்டத்தில் பத்தாவதாக வந்தார். அவ்வாண்டு அர்ஜுனா விருதும் கிடைத்தது. உஷாவுக்குப் பய்யோலி எக்ஸ்பிரஸ் என்று பெயரிட்ட பத்திரிகைகள் இவரை மாண்தேசி எக்ஸ்பிரஸ் என்றன. பெண் வேகமாக ஓடினால் நம் பத்திரிகைகளுக்கு ரயில் வண்டியைத் தவிர வேறு உவமை தோன்றுவதில்லை போலும்!

அதே ரியோவில் ஜெய்ஷா மராத்தானை முடித்ததும் மயங்கி வீழ்ந்தார். இந்தியருக்கென ஒதுக்கிய இடங்களில் தண்ணீர் தருவதற்கு ஆளே இல்லை என்றார். தடகளச் சம்மேளனம் அதனை மறுத்தது. இத்தொழிலில் ஓடுபவரின் கூலி உடலிலிருந்தே பிடித்தம் செய்யப்படுகிறது என்பதை அந்நிகழ்ச்சி நாட்டுக்குக் காட்டிற்று.

தமிழ் நேயர்கள் மறக்கலாகாத இன்னொரு பெயர் உண்டு. புதுக்கோட்டை மாவட்டத்துக் கத்தக்குறிச்சியில், செங்கற்சூளைத் தொழிலாளரின் மகளாய்ப் பிறந்த சாந்தி சௌந்தரராஜன், 2006இல் தோஹா ஆசிய விளையாட்டில் 800 மீட்டரில் வெள்ளி வென்றார். பின்னர் நடந்த பாலினச் சோதனையைக் காரணம் காட்டிப் பதக்கத்தைப் பறித்தார்கள். சோதனையின் சேதி ஊரறியப் பரவியது. ஆசியாவின் இரண்டாவது ஓட்டக்காரியாய் வந்தவர், பின்னொரு காலத்தில் மீண்டும் சூளையில் கூலி வேலை பார்த்தார். பிறகு பயிற்சியாளர் பட்டயம் பெற்று, தமிழ்நாட்டில் பிள்ளைகளுக்கு ஓட்டம் பயிற்றும் பணியில் அமர்ந்தார். இத்தகைய விதிகளை எதிர்த்து ஒடிசாவின் தூத்தி சந்த் தொடுத்த வழக்கில், விளையாட்டு நடுவர் நீதிமன்றம் 2015இல் அன்றைய விதியை நிறுத்திவைத்தது. சாந்தியின் பதக்கத்துக்கு அது பயன்படவில்லை. ரயில்வே வேலை போன்றதொரு பிடிமானம் அன்று அவருக்கு இருந்திருப்பின் சூளைக்குத் திரும்பியிருக்கமாட்டார் என்றே எனக்குத் தோன்றுகிறது.

லலிதா 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் ஓடவில்லை; அங்கே சுதா சிங் வெள்ளி வென்றார். லலிதா மகாராஷ்டிர அரசின் வருவாய்த்துறையில் அதிகாரியாகப் பொறுப்பேற்றார். ரியோவில் அவர் நிறுவிய 9:19.76 என்னும் சாதனை ஏழாண்டு நின்றது. 2023 ஆகஸ்டில் புடாபெஸ்ட் உலகப் போட்டியின் இறுதியோட்டத்தில், மீரட் வட்டாரத்து உழவர் மகளான பாருல் சௌதரி 9:15.31இல் ஓடி அதனைக் கடந்தார். அடுத்த சில வாரங்களில், ஹாங்சோ ஆசிய விளையாட்டில், 5000 மீட்டர்த் தங்கமும் பெற்றார். அவரும் அன்று ரயில்வேக்காரராகவே இருந்தார்.