கூலிக்குழுவிலிருந்து களஞ்சியம் வரை: மதுரைச் சமவெளியில் சின்னப்பிள்ளையின் பணி

அலங்காநல்லூர் என்றவுடன் வாடிவாசலே பலர் நினைவுக்கு வரும். ஏறுதழுவலின் வரலாறு விரிவாக எழுதப்பட்டுள்ளது. அவ்வூரைச் சூழ்ந்த வயல்களில் நாற்று நட்ட பெண்களின் வரலாறு அவ்வாறு எழுதப்படவில்லை. 1895இல் பெரியாறு அணை நீர் வைகைப் படுகைக்கு வந்த பின்னர், பேரணை முதல் கள்ளந்திரி வரையுள்ள நிலப்பரப்பு இருபோகச் சாகுபடிக்கு உரியதாயிற்று. அலங்காநல்லூர் வட்டாரமும் இப்பாசனத்தால் பயன்பெறுவது. இரண்டு போகம் என்பது நிலம் உடையோர்க்கு இரண்டு விளைச்சல். நிலமற்ற பெண்களுக்கோ இரண்டு நடவு, இரண்டு களையெடுப்பு, இரண்டு அறுவடை. அவ்வுழைப்புக்கான கூலியை நிர்ணயிக்கும் இடத்தில் அவர்கள் குரலுக்கு என்ன மதிப்பு இருந்தது என்பதே கேள்வி.

இக்கேள்விக்கு விடை தேட உதவும் வாழ்க்கை, அதே வடபுறச் சமவெளியில், அழகர்கோவில் சாலையிலுள்ள அப்பன்திருப்பதியை அடுத்த பில்லுச்சேரிக்கு வாழ்க்கைப்பட்டு வந்த சின்னப்பிள்ளையுடையது. எழுதப் படிக்க அறியாத அவர் விவசாயக் கூலித் தொழிலாளி. அவரைப் பற்றிய எழுத்துகளுள் பெரும்பாலானவை 1990இலிருந்து, அதாவது ‘களஞ்சியம்’ சேமிப்புக் குழுக்களிலிருந்து தொடங்குகின்றன. இத்தொடக்கப் புள்ளியே பொருத்தமற்றது. சின்னப்பிள்ளை சேமிப்புக்கு வருமுன்னரே கூலியைப் பேசியவர். ஆட்களைத் திரட்டி, நிலக்கிழாரிடம் வேலையை மொத்தமாகப் பேசி எடுத்து, வந்த கூலியைப் பங்கிட்டுக் கொடுக்கும் தலைமைப் பொறுப்பை அவர் ஏற்றிருந்தார். முதியோரையும் உடல் நலிந்தோரையும் விலக்காமல் குழுவில் சேர்த்து, அவர்களுக்கும் பங்கு கிடைக்கச் செய்தார் என்பது அவரைப் பற்றிய பதிவுகளில் திரும்பத் திரும்ப வரும் செய்தி.

இதன் பொருள் சிறிதன்று. சம வேலைக்குச் சம ஊதியம் வழங்கக் கோரும் சட்டம் 1976இல் இயற்றப்பட்டது. ஆயினும் நடவும் களையெடுப்பும் ‘பெண் வேலை’ என்றும், உழவும் வரப்பு வெட்டுதலும் ‘ஆண் வேலை’ என்றும் பிரிக்கப்பட்ட களத்தில், ஒப்பிடுவதற்குச் ‘சம வேலை’யே இல்லாமற் போயிற்று. சட்டம் நுழைய இயலாத அவ்விடத்தில், தனித்தனியே கூலி கேட்கும் பெண்ணைக் காட்டிலும் கூட்டமாக நின்று கேட்கும் பெண்களுக்கே பேரவலிமை இருந்தது. நடவுப் பருவம் தவறினால் இழப்பு நிலவுடைமையாளருக்கே என்பதை இரு தரப்பினரும் அறிந்திருந்தனர்.

1990இல் பிரதான் நிறுவனத்தின் முயற்சியால் மதுரைப் பகுதியில் களஞ்சியம் தொடங்கப்பட்டபோது, இக்கூட்டுப் பழக்கம் ஏற்கெனவே கைவந்திருந்தது. நபார்டு வங்கி 500 குழுக்களை இலக்காகக் கொண்டு வங்கி இணைப்பு முன்னோட்டத்தைத் தொடங்கியது 1992இல்தான் என்பதையும் இங்கு நினைவிற்கொள்ள வேண்டும். 1997இல் உருவான தானம் அறக்கட்டளை இப்பணியைத் தொடர்ந்தது. குழு, தொகுப்பு, வட்டாரம் எனப் படிப்படியாக அமைந்த இவ்வமைப்பில் சின்னப்பிள்ளை தலைமைப் பொறுப்புகளை வகித்தார். ஊர் ஊராகச் சென்று புதிய குழுக்களை உருவாக்கினார். கூலியை உயர்த்திப் பெற்றாலும் அது வட்டிக்கே போகுமெனில் பயனில்லை. ஆதலின் சேமிப்புக் குழு, கூலிப் போராட்டத்திற்கு மாற்றாக வந்ததன்று. அதன் அடுத்த கட்டமாக வந்தது எனலாம். தானியம் சேர்த்து வைக்கும் இடத்தின் பெயரைப் பணம் சேர்க்கும் அமைப்புக்கு இட்டதும் பொருத்தமே; விதைநெல்லைக் காக்கும் பெண்ணுக்குச் சேமிப்பைப் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை.

2001 சனவரியில் புதுதில்லியில் நடைபெற்ற ஸ்திரீ சக்தி விருது விழாவில் பிரதமர் வாஜ்பாய் குனிந்து சின்னப்பிள்ளையின் பாதங்களைத் தொட்டு வணங்கினார். ஐந்து பெண்களின் பெயரால் அமைந்த அவ்விருதுகளுள் கண்ணகியின் பெயரிலும் ஒன்று உண்டு. மதுரைப் பெண்ணுக்குக் கிடைத்ததோ மராட்டியத்து ஜீஜாபாயின் பெயரிலான விருது. 2019இல் பத்மஸ்ரீயும் வந்தது. அந்த வணக்கக் காட்சி நாடெங்கும் பரவி, அவரது நாற்பதாண்டு வாழ்வை ஒரே நிழற்படமாகச் சுருக்கிவிட்டது. படத்தில் பணிவு தெரிகிறது, பேரம் தெரியவில்லை.

சேமிப்பு இயக்கம் தொடாத எல்லையும் உண்டு. அது நிலம். 1989இல் தமிழ்நாடு அரசு இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்தி, மகளுக்கும் பூர்விகச் சொத்தில் சம பங்கு அளித்தது. ஆனால் பங்கிடுவதற்குச் சொத்தே இல்லாத குடும்பத்துப் பெண்ணுக்கு அத்திருத்தத்தால் கிடைப்பது ஏதுமில்லை. 2015-16ஆம் ஆண்டு வேளாண் கணக்கெடுப்பின்படி இந்தியாவின் சாகுபடி உடைமைகளுள் பெண்கள் வசம் இருப்பவை ஏறத்தாழ 14 விழுக்காடே. குழுக்கடன் மாடு வாங்க உதவியது, மருத்துவச் செலவுக்கு உதவியது, பிள்ளைகளின் படிப்புக்கும் உதவியது. பட்டாவில் பெயரை மாற்ற அது போதவில்லை.

சின்னப்பிள்ளையின் நிலையும் இதற்கு விலக்கன்று. தமக்குச் சொந்த வீடு கிடைக்கவில்லை என்று அவர் கூறியது 2024இல் நாளிதழ்களில் வெளியான பின்னரே, கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தின்கீழ் அவருக்கு வீடு கட்டித்தர மாநில அரசு உத்தரவிட்டது. பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டு அப்போது ஐந்து ஆண்டுகள் ஆகியிருந்தன.