கண்ணாற் கண்ட சாட்சி



‘கண்ணாற் கண்டதும் பொய், காதாற் கேட்டதும் பொய், தீர விசாரிப்பதே மெய்’ என்னும் முதுமொழியைக் கரும்பலகையில் எத்தனை முறை எழுதியிருப்பேனோ, கணக்கில்லை. ஆயினும் அதன்படி எப்போதும் ஒழுகினேன் என்று சொல்ல என் மனம் இடந்தரவில்லை. நான் தலைமையாசிரியனாக இருந்தபோது ஒருநாள் வகுப்பறைச் சாளரக் கண்ணாடி உடைந்தது. மாணவர் நால்வர் ஒரு பையனைச் சுட்டிக் காட்டினர். நால்வரையும் ஒருங்கே நிறுத்தி வைத்துக்கொண்டுதான் விசாரித்தேன். முதல்வன் சொன்னதையே ஏனைய மூவரும் சொன்னார்கள். பையனுக்குப் பிரம்படி கிடைத்தது. ஒரு வாரம் சென்றபின் உடைத்தவன் தானே வந்து ஒப்புக்கொண்டான். அடிபட்டவன் என்னை ஒரு சொல்லும் கேட்கவில்லை. அதுதான் இன்றளவும் என்னை உறுத்துகிறது.

பின்னர் இலண்டன் மாநகரில் நிகழ்ந்த அடால்ப் பெக் வழக்கின் வரலாற்றைப் படித்தேன். என் பள்ளியில் ஒரு நாளில் நடந்த பிழை, அங்கே பேரளவில் எட்டாண்டுகள் நடந்திருக்கக் கண்டேன்.

பெக் நார்வே நாட்டில் பிறந்தவர். 1895 டிசம்பரில், விக்டோரியா தெருவில் அவர் வீட்டு வாயிலை விட்டு இறங்கும்போது ஒரு பெண்மணி வழிமறித்தார். தம்மை ஏமாற்றிக் கைக்கடிகாரங்களைக் கவர்ந்து சென்றவர் இவரே என்றார். பெக் என்ன செய்தார் தெரியுமா? தெருவின் எதிர்ப்புறம் நின்ற காவலரிடம் தாமே சென்று, இப்பெண் தம்மைத் தொல்லைப்படுத்துகிறாள் என்று முறையிட்டார். கைதானவரோ முறையிட்டவர்தாம்.

அந்நாளில் ஒரு வஞ்சகன், பிரபு என்று பொய்ப்பெயர் புனைந்து, தனித்து வாழும் பெண்களை நாடி வந்தான். தன் மாளிகையில் பணி தருவதாகச் சொல்வான். உடை வாங்கிக் கொள்ளப் பணமில்லாக் காசோலை ஒன்றைக் கொடுப்பான். அளவு பார்ப்பதாகச் சொல்லி மோதிரத்தைக் கழற்றி வாங்கிச் செல்வான். அவனால் ஏமாந்த பெண்கள் காவல் நிலையத்துக்கு அழைக்கப்பட்டனர். தெருவிலிருந்து கொணர்ந்த சிலரோடு பெக்கையும் வரிசையில் நிறுத்தினர். அவ்வரிசையில் நரைத்த தலையும் மீசையும் உடையவர் அவர் ஒருவரே! வந்த பெண்கள் யாரைக் காட்டுவார்கள்? ஏறத்தாழப் பத்துப் பெண்கள் அவரையே காட்டினர். அவர்கள் பொய்யர் அல்லர் என்பதை நீங்கள் மறந்துவிடக் கூடாது. காட்டியபின், காட்டிய முகமே அவர்கள் நினைவில் வஞ்சகனின் முகமாகவும் பதிந்துவிட்டது.

இனித்தான் வழக்கின் வியத்தகு பகுதி. 1877இல் இதே முறையில் மோசடி செய்து தண்டனை பெற்றவன் ஜான் ஸ்மித் என்பவன். அவனைக் கைது செய்த ஓய்வுபெற்ற காவலர், பெக்தான் அந்த ஸ்மித் என்று, தம் விடையால் என்ன விளையும் என்பதை உணர்ந்தே ஐயமின்றிச் சொல்வதாகக் கூறினார். கையெழுத்து வல்லுநரோ, 1877ஆம் ஆண்டுக் கடிதங்களும் புதிய கடிதங்களும் ஒருவன் எழுதியவை என்றார். பெக்கின் வழக்கறிஞருக்கு இது வாய்ப்பாயிற்று. ஏனெனில் 1877இல் பெக் தென் அமெரிக்காவிலுள்ள பெரு நாட்டில் இருந்தார். ஒருவனே இரண்டையும் எழுதினான் என்றால், எழுதியவன் பெக் அல்லன் என்பது தெளிவு. ஆனால் 1896 மார்ச்சில் விசாரித்த நீதிபதி பாரஸ்ட் புல்டன், பழைய வழக்கைப் பற்றிய வினாக்கள் இவ்வழக்குக்குத் தொடர்பற்றவை என்று தடுத்துவிட்டார். 1877இல் ஸ்மித்துக்கு எதிராக அரசுத் தரப்பில் வாதாடியவரும் இதே புல்டன்தாம்! ஜூரர்கள் முன்னே எஞ்சியவை பெண்களின் உறுதியான சொற்களே. ஏழாண்டுக் கடுங்காவல் விதிக்கப்பட்டது.

1898இல் சிறைக்குறிப்புகளை ஒப்பிட்டபோது உண்மை ஒன்று வெளிப்பட்டது. ஸ்மித் யூதன், விருத்தசேதனம் செய்யப்பட்டவன். பெக்குக்கு அது செய்யப்படவில்லை. உடலே சாட்சி சொல்லிற்று. உள்துறை அலுவலகம் என்ன செய்தது? பெக்கின் சிறை எண்ணில் பழங்குற்றவாளி என்பதைக் குறித்த அடையாளத்தை மட்டும் நீக்கிற்று. பத்துப் பெண்கள் சொன்னதை ஒரு குறிப்பேடு மறுக்கலாமா என்ற எண்ணம் போலும்.

1901இல் வெளிவந்த பெக், 1904இல் மீண்டும் அதே குற்றச்சாட்டில் கைதானார். மீண்டும் சில பெண்கள். மீண்டும் குற்றவாளி என்ற தீர்ப்பு. ஆயினும் இம்முறை நீதிபதி கிரந்தம் மனத்தில் ஐயம் எழவே, தண்டனையைத் தள்ளி வைத்தார். அந்தத் தயக்கமே பெக்கைக் காத்தது. அவர் சிறையில் இருக்கும்போதே, ஜூலையில், மோதிரங்களை அடகு வைக்க முயன்ற ஒருவன் பிடிபட்டான். உண்மைப் பெயர் வில்ஹெல்ம் மேயர். பழைய பெயர் ஜான் ஸ்மித். இருவரும் ஓரளவு ஒத்த தோற்றமுடையவர்களே அன்றி, இரட்டையர் போன்றவர் அல்லர்.

பெக்குக்கு மன்னிப்பும், முடிவில் 5,000 பவுன் ஈட்டுத்தொகையும் வழங்கினர். செய்யாத குற்றத்துக்கு மன்னிப்பு என்பதைச் சட்டத்தின் மொழி என்றுதான் கொள்ள வேண்டும். ஆராய்ந்த குழு, 1877 பற்றிய சான்றை விலக்கியது தவறு என்று கண்டது. இங்கிலாந்தில் அதுவரை குற்ற வழக்கின் தீர்ப்பை மறுபடி ஆராய முறையான மேல்முறையீட்டு மன்றம் இருந்ததில்லை. 1907இல் இயற்றிய சட்டம் அம்மன்றத்தை நிறுவிற்று. பெக் 1909இல் காலமானார்.

என் மாணவன் பெரியவனான பிறகு ஒருமுறை என்னைக் காண வந்தான். நான் அந்தக் கண்ணாடியைப் பற்றிப் பேச்செடுத்தேன். அவன் சிரித்து, வேறு செய்தி பேசினான்.